காயமே குருக்ஷேத்திரம்

பாரதப் பிரசங்கம் செய்யும் பெரியோர் பலர், கதையை முடிக்குந் தறுவாயில் ஒரு தத்துவார்த்தம் சொல்லுவது நம் நாட்டில் நெடுநாளைய வழக்கம். பாண்டவர் ஐவரும் ஐந்து இந்திரியங்கள்; கௌரவர் நூற்றுவரும் எண்ணிறந்த துர்க்குணங்கள்; கண்ணிழந்த திருதராஷ்டிரன் விவேகமிழந்த மனம்; தேரோட்டும் கண்ணன் அந்தராத்மா; பதினெட்டு நாள் யுத்தமும் மனிதனுடைய காயத்துக்குள்ளே ஓயாது நடைபெறும் யுத்தமேயன்றி வேறன்று என்பர். கேட்கும் ஜனங்களும் தலையை அசைத்து, பிரசாதம் பெற்று, வீடு திரும்புவர். மறுநாட் காலையில் வட்டி வாங்குபவர் வட்டி வாங்கவும், கூலியைக் குறைப்பவர் கூலியைக் குறைக்கவும் வழக்கம்போலத் தொடங்குவர். யுத்தம் உள்ளே நடக்கிறபடியால் வெளியே செய்யவேண்டியது யாதுமில்லை என்றதொரு திருப்தி எல்லோருக்கும் உண்டாகிவிடுகிறது.

இந்தத் திருப்தியைத்தான் நாம் இன்று விசாரணைக்கு எடுத்துக்கொள்ளுகிறோம். தத்துவார்த்தம் பொய்யென்பது நம் கக்ஷியன்று. அது மெய்யே, ஆனால் அந்த மெய்யைச் சாக்ஷியாக நிறுத்தி எழுதப்படும் தீர்ப்புத்தான் பிழையானது. இதை நிரூபிக்க வெகுதூரம் போகவேண்டுவதில்லை. காஞ்சிமாநகரின் தென்மேற்கே, பட்டுத்தறிகள் நிறைந்த பிள்ளையார்பாளையம் என்னும் பேட்டையே போதிய சாக்ஷியங்களை வைத்திருக்கிறது.

முதலில் மூலநூல்கள் சொல்வதைக் கேட்போம். கடோபநிஷத்து சரீரத்தைத் தேராகவும், ஆத்மாவைத் தேரில் அமர்ந்தவனாகவும், புத்தியைச் சாரதியாகவும், மனத்தைக் கடிவாளமாகவும், இந்திரியங்களைக் குதிரைகளாகவும் வர்ணிக்கிறது. கீதையோ தர்மக்ஷேத்திரமாகிய குருக்ஷேத்திரம் என்ற பெயரோடு தொடங்கிப் பதின்மூன்றாம் அத்தியாயத்தை அடைந்ததும், இந்தச் சரீரமே க்ஷேத்திரம் எனப்படுவது என்று கண்ணன் வாக்காகவே விளக்கிவிடுகிறது. ஐந்தாம் அத்தியாயத்தில் இதே உடல் ஒன்பது வாயில்களையுடைய நகரமாகிறது. ஆகவே உடலையும் இதிகாசத்தையும் இணைத்துப் பார்ப்பது பிற்காலத்துப் பௌராணிகரின் கற்பனையன்று. இதிகாசத்தின் உள்ளேயே அந்த இணைப்பு முடியப்பட்டிருக்கிறது.

ஆனால் க்ஷேத்திரம் என்ற சொல்லின் பொருளை நம்மவர் ஊன்றி நோக்குவதில்லை. அதற்கு முதற்பொருள் வயல் என்பது. பின்னரே புண்ணியஸ்தலம் முதலிய பொருள்கள். வயலென்றால் உழவேண்டும், நீர் பாய்ச்சவேண்டும், களை பறிக்கவேண்டும், வேலி காக்கவேண்டும். என் உடல் எனக்கு வயலென்று சொல்லிக்கொண்டு திண்ணையிற் சாய்ந்திருப்பவனை எந்தக் குடியானவன் மதிப்பான்?

இவ்விஷயத்தில் நம் காலத்துக்கு அண்மையிலேயே ஒரு பெரிய சாக்ஷியம் உண்டு. லோகமான்ய திலகர் மாந்தளைச் சிறையில் 1910, 1911-ஆம் வருஷங்களில் எழுதி 1915-இல் வெளியிட்ட கீதா ரகஸ்யத்தில், கீதை கர்மத்தையே உபதேசிப்பது என்று வாதித்தார். மகாத்மா காந்தியோ, பாரதயுத்தம் சரித்திரச் சண்டையன்று, மனிதர் இருதயத்தில் நடைபெறும் போராட்டத்தின் உருவகமே என்ற கொள்கையினர். மேலெழுந்தவாரியாகப் பார்ப்பவர், திலகர் வெளியே போகச் சொன்னார், காந்தியடிகள் உள்ளே போகச் சொன்னார் என்று முடிவு கட்டுவர். அவர்கள் ஒரு தேதியைக் கவனிக்கவேண்டும். கீதைக்குக் காந்தியடிகள் எழுதிய குஜராத்தி மொழிபெயர்ப்பாகிய அநாஸக்தி யோகம் வெளியானது 1930-ஆம் வருஷம் மார்ச்சு மாதம் 12-ஆம் நாள். அன்றுதான் அவர் ஸபர்மதி ஆசிரமத்தை விட்டுத் தண்டிக் கடற்கரைக்கு உப்பெடுக்கப் புறப்பட்டார்! குருக்ஷேத்திரம் உள்ளத்தில் இருக்கிறதென்று எழுதியவர், அறுபது வயதைக் கடந்த தம் மெலிந்த உடலைக் கோலூன்றி இருபத்துநான்கு நாள் நடத்திச் சென்றார். அதே வருஷம் ஏப்ரல் மாதத்தில் ஸ்ரீ ராஜகோபாலாச்சாரியார் தலைமையில் திருச்சியிலிருந்து வேதாரணியத்துக்குத் தமிழ்த் தொண்டர் படை நடந்தது. உள்ளே நடக்கும் யுத்தம் வெளியே நடக்கும் கால்களை நிறுத்திவைக்கவில்லை, உந்தி நடத்திற்று. இதனினும் தெளிவான வியாக்கியானம் எந்தப் பாஷ்யகாரர் எழுதக்கூடும்?

இனிப் பிள்ளையார்பாளையத்துக்கு வருவோம். வேகவதியாற்றை அடுத்து அங்கே ஒரு பழைய சிவாலயம் உண்டு. அதற்குக் காயாரோகணம் என்று பெயர், சுவாமி காயாரோகணேசுவரர். வியாழ பகவான் வழிபட்ட தலமென்று வியாழக்கிழமைகளில் ஜனங்கள் திரளுவர். காயம் என்பது உடல். ஆரோகணம் என்பது ஏறுதல். பிரளய காலத்தில் பிரமனும் திருமாலும் ஒடுங்கியபோது, அவர்களுடைய காயங்களைச் சிவபெருமான் தம்மீது ஏற்றுத் தாங்கினார் என்பது தலவரலாறு. நாகப்பட்டினத்திலும் குடந்தையிலும் இதே பெயருடைய தலங்கள் உள்ளன. தமிழர் அவற்றைக் காரோணம் என்று செவிக்கினிதாகச் சுருக்கினர். கூர்ஜர தேசத்தில் பரோடாவை அடுத்துக் காயாவரோஹணம் என்றொரு தலம் இருக்கிறது. இறைவன் மானுட உடலுக்குள் இறங்கி லகுலீசராய்ப் பாசுபத மதத்தைப் போதித்த இடம் அதுவென்பர். பெயரொற்றுமையைக் கண்ட ஆராய்ச்சியாளர், பாசுபதர்களோடு அப்பெயர் தெற்கே வந்ததெனக் கருதுகின்றனர். ஏழாம் நூற்றாண்டில் மகேந்திரவர்ம பல்லவன் இயற்றிய மத்தவிலாஸம் என்னும் பிரகசனத்தில், காஞ்சித் தெருக்களிலே கபாலிகனோடு ஒரு பாசுபதனும் உலவுகிறான் என்பது இங்கே நினைக்கத்தக்கது.

வடக்கே இறைவன் காயத்தில் இறங்குகிறான். காஞ்சியிலே காயத்தை இறைவன் தன் தோளில் ஏற்றுக்கொள்ளுகிறான். இரண்டிலும் ஓருண்மை விளங்குகிறது. இந்த உடல் ஆண்டவன் அருவருத்து ஒதுக்கிய பொருளன்று. உடம்பைப் பேணுவதையும் தவத்தின் ஒரு கூறாகக் கொண்ட திருமூலருடைய கொள்கையும் இதுவே.

கோயிலை விட்டுத் தெருவுக்குள் நுழைந்தால் தறியோசை கேட்கும். காஞ்சி நெசவாளர் தங்களை மார்க்கண்டேய மஹரிஷியின் வழிவந்தோர் என்றும், அவர் தாமரை நூலால் தேவர்களுக்கு ஆடை நெய்தவர் என்றும் பரம்பரையாகச் சொல்லிக்கொள்வர். இந்த மார்க்கண்டேயர் பாரதத்தில் செய்வது யாது? வனபர்வத்தில் பாண்டவருக்குத் தாம் கண்ட பிரளயத்தை அவர் உரைக்கிறார். உலகெல்லாம் ஒரே வெள்ளம். அதிலே தனியே அலைந்து அலுத்த முனிவர் ஓர் ஆலமரத்தையும், அதன் கிளையில் ஒரு பாலகனையும் காண்கிறார். அக்குழந்தை வாயைத் திறக்கிறது. முனிவர் அதனுள்ளே புகுந்துவிடுகிறார். உள்ளே கங்கையும் யமுனையும் ஸிந்துவும் கோதாவரியும் காவேரியும் ஓடுகின்றன; மலைகளும் நகரங்களும் நாடுகளும் இருக்கின்றன; நான்கு வருணத்தாரும் தத்தம் தொழிலைச் செய்துகொண்டிருக்கின்றனர். நூறு வருஷத்துக்கு மேலாகச் சுற்றியும் அந்தச் சிறு காயத்தின் எல்லையை அவர் கண்டிலர்.

அண்டமே பிண்டம் என்று நம்மவர் எளிதாகச் சொல்லிவிடும் தத்துவத்துக்கு இதனினும் பெரிய சித்திரம் உலக இலக்கியத்தில் அரிது. மற்றொன்றையும் கவனியுங்கள். அந்தக் காயத்துக்குள் முனிவர் கண்டவை காமக் குரோதாதி குணங்களல்ல. ஆறுகளையும் ஊர்களையும் உழைக்கும் ஜனங்களையும் கண்டார். உடலுக்குள்ளே தேடியவருக்குத் தேசம் அகப்பட்டது! அவரைத் தம் முன்னோராகக் கொண்டாடுவோர் தறியில் உட்கார்ந்திருக்கிறார்கள் என்பது நாம் எளிதில் மறக்கத்தக்க விஷயமன்று.

நெசவுக்கும் இதிகாசத்துக்கும் உள்ள உறவு இவ்வளவோடு நிற்கவில்லை. ஆதிபர்வத்தில் உதங்கர் நாகலோகத்தில் இரு பெண்கள் தறியில் நெய்வதைக் காண்கிறார். இழைகள் கறுப்பும் வெளுப்புமானவை. அவை இரவும் பகலும் என்று அவருக்கு விளக்கப்படுகிறது. அருகே பன்னிரண்டு ஆரக்கால் உடைய சக்கரத்தை ஆறு சிறுவர் சுழற்றுகின்றனர்; அவர்களே ஆறு ருதுக்கள். கீதை, ஆத்மா உடலை மாற்றுவதைப் பழந்துணியைக் களைந்து புதுத்துணி உடுப்பதற்கு ஒப்பிடுகிறது. காசியில் வாழ்ந்த கபீர்தாஸர் தறியில் இருந்தபடியே இவ்வுடலை மெல்லிய ஆடையாகக் கண்டு பாடினார். கௌரவ சபையிலோ, பீமன் கதையும் அர்ஜுனன் வில்லும் காவாத திரௌபதியின் மேனியை ஆடையொன்றே காத்தது. அந்தச் சபையின் அநீதியை 1912-இல் பாஞ்சாலி சபதமாகப் பாடிய பாரதியார், திரௌபதியிடத்தில் அடிமைப்பட்ட பாரதமாதாவையே கண்டார்.

இத்தனை சிறப்பும் ஆடைக்கு; ஆடையை நெய்பவனுக்கு என்ன? நம்மவர் தத்துவார்த்தம் தலைகுனியும் இடம் இதுதான்.

பட்டுச்சேலைக்கும் உடல் உண்டு. நெசவாளர் பேச்சில் சேலையின் நடுப்பாகம் உடல், ஓரம் கரை, தலைப்பு முந்தி. காஞ்சிப் பட்டின் பெருமை, உடலையும் கரையையும் வெவ்வேறு நிறத்தில் நெய்து ஒன்றாகக் கோக்கும் கோர்வையில் இருக்கிறது. இதற்கு மூன்று நாடாக்கள் வேண்டும். தறிக்காரன் ஒருவனால் இயலாது, பக்கத்தில் ஒரு துணையாள் இருந்து கரை நாடாவைக் கொடுக்கவேண்டும். நெய்பவனுடைய கால்கள் குழிக்குள்ளே மிதியின்மேல், கைகள் நாடாவின்மேல், கண்கள் மயிரிழையினும் மெல்லிய பட்டின்மேல். பகல் முழுவதும் அப்படியே இருந்தால் முதுகு வளைகிறது, முழங்கால் மரக்கிறது, நாற்பது வயதுக்குள் கண் மங்குகிறது. தமிழில் காயம் என்ற ஒரே சொல் உடலுக்கும் புண்ணுக்கும் பெயராக இருப்பதன் பொருத்தம், குழித்தறியின் பக்கத்தில் நின்றால் விளங்கும்.

துணையாளாக நெடுங்காலம் வைக்கப்பட்டவர் சிறு பிள்ளைகள். முன்பணம் வாங்கிய கடனுக்காகப் பிள்ளைகளைத் தறியில் விட்ட காலமும் உண்டு. 1986-ஆம் வருஷத்துச் சட்டம் குழந்தைத் தொழிலை ஒருவாறு தடுத்தது. 2016-ஆம் வருஷத்துத் திருத்தம் பதினான்கு வயதுக்குட்பட்ட பிள்ளைகளை எந்தத் தொழிலிலும் அமர்த்தலாகாதென்று விதித்தது. ஆனால் பள்ளிநேரம் போகக் குடும்பத் தொழிலில் பிள்ளைகள் உதவலாம் என்றொரு விலக்கை அதே திருத்தம் வைத்திருக்கிறது. வீடே தறிக்கூடமாயிருக்கும் ஊரில் இந்த விலக்கின் அளவு எவ்வளவு என்பதை வழக்கறிஞர் சொல்லவேண்டுவதில்லை. ஆறு சிறுவர் காலச்சக்கரத்தைச் சுழற்றினரென்று ஆதிபர்வத்தில் படித்து மகிழலாம். சிறுவர் கையால் நம் வீட்டுக் கல்யாணப் புடைவையின் கரை ஓடிற்றென்றால் மகிழ்வதற்கில்லை.

இங்கே ஓர் ஆக்ஷேபம் எழும். சமூகமும் ஓர் உடலே. ரிக்வேதத்தின் பத்தாம் மண்டலத்துப் புருஷசூக்தம் முகம், தோள், தொடை, பாதம் என்று நால்வருக்கும் இடம் வகுத்துவிட்டது. பாதம் பாதமாகவே இருக்கவேண்டும் என்பர் சிலர். இவர்களுக்கு விடை சொல்ல நாம் வேற்று நாட்டு நூல்களைப் புரட்டவேண்டுவதில்லை. பாரதத்துச் சாந்திபர்வத்திலே பிருகு முனிவரைப் பரத்வாஜர் குறுக்கு விசாரணை செய்கிறார். காமமும் கோபமும் பயமும் சோகமும் பசியும் களைப்பும் எல்லாரையும் வருத்துகின்றனவே. வியர்வையும் கபமும் பித்தமும் உதிரமும் எல்லா உடலிலும் ஒன்றுபோல் ஒழுகுகின்றனவே. பின் வருணத்தை எங்ஙனம் பிரிப்பது என்று கேட்கிறார். பிருகு அந்தக் கேள்வியை மறுக்கவில்லை. ஆதியில் பேதமேயில்லை, செயலால் வந்த பிரிவே இது என்று ஒப்புக்கொள்ளுகிறார். உடலையே சாக்ஷியாக ஏற்றி ஜாதியின் உயர்வுதாழ்வை மறுத்த வாதம் நம் இதிகாசத்தில் இருக்கும்போது, அதே உடலின் பெயரால் ஒருவனைத் தாழ்த்துவது எத்தகைய நியாயம்? 1950-ஆம் வருஷம் ஜனவரி 26-இல் அமுலுக்கு வந்த நம் அரசியல் சாஸனம் 17-ஆவது பிரிவில் தீண்டாமையை ஒழித்தது. பரத்வாஜர் கேள்விக்கு ராஜ்யம் சொன்ன விடை அது. தெருக்கள் இன்னும் முழுவிடை சொல்லவில்லை. அன்றியும், சமூகம் ஓருடல் என்பது மெய்யானால், காலில் தைத்த முள்ளுக்குக் கண் அழவேண்டும். அழாத கண் அவ்வுடலைச் சேர்ந்ததன்று.

படித்தவர்களைக் காட்டிலும் நம் கிராமத்தார் இதை நன்கு உணர்ந்திருக்கின்றனர். தொண்டைமண்டலத்தில், காஞ்சியைச் சூழ்ந்த ஊர்களிலும், திரௌபதியம்மன் திருவிழாவின் முடிவில் படுகளம் நடைபெறும். துரியோதனன் உருவத்தை ஐம்பது அடிக்கும் மேற்பட்ட நீளத்துக்கு மண்ணாலேயே தரையில் மல்லாக்கச் செய்துவைப்பார்கள். பாரதக் கூத்தாடிகள் பீமனும் துரியோதனனுமாக அம்மண்ணுடலைச் சுற்றிப் பொருவர். பீமன் தொடையில் அடிக்கச் செந்நீர் பெருகும்; விரித்த கூந்தலைத் திரௌபதி முடிப்பாள். அந்த மண்ணை எடுத்துச் செல்வோரும் உண்டு. தம் ஊர் மண்ணையே பிசைந்து இதிகாசத்தை ஒரு மானுட உடலாகச் செய்து, அநீதியின் தொடையைத் தம் கண்ணெதிரே பிளக்கும் இந்த ஜனங்களுக்கு, யுத்தம் உள்ளே நடப்பதா வெளியே நடப்பதா என்ற சந்தேகமே எழுவதில்லை.

அந்தத் துரியோதனன் செய்த குற்றந்தான் யாது? காஞ்சியிலேயே அதற்கும் சாக்ஷியம் நிற்கிறது. பெரிய காஞ்சியில் திருப்பாடகம் என்னும் பாண்டவதூதப் பெருமாள் சந்நிதியில், கண்ணன் சுமார் 25 அடி உயரத்துக்கு வீற்றிருந்த திருக்கோலத்தில் விளங்குகிறான். தூது வந்தவனை வஞ்சித்துப் பிடிக்கக் கருதிய சபையில், அவன் விசுவரூபம் எடுத்த வரலாறே அங்கே சிலையாயிருக்கிறது. அவன் கேட்டு வந்தது ராஜ்யம் முழுவதுமா? அது கிடையாதெனின் ஐந்து கிராமம் போதுமென்றான். ஊசிமுனை குத்தும் நிலமும் தரமாட்டேன் என்று துரியோதனன் மறுத்தான். மிகக் குறைந்த நியாயத்தைக் கேட்க வந்தவனுடைய உடலே அங்கு அளவிறந்து வளர்ந்தது. உழைப்பவனுடைய சிறு கோரிக்கையை மறுக்கும் ஒவ்வொரு சபையும் இந்தச் சந்நிதியை ஒருமுறை சென்று சேவிப்பது நன்று.

இன்று நெசவாளன் கேட்கும் ஐந்து கிராமம் எது? அவன் செய்த கைவேலைக்குரிய கூலி. அவன் வேலையின் பெயரை மற்றொன்று திருடாதபடி காவல். இவ்வளவே. கைத்தறிக்கென்று சில துணிவகைகளை ஒதுக்கிய சட்டம் 1985-ஆம் வருஷத்தது. காஞ்சிப் பட்டுக்குப் புவிசார் குறியீடு 2005-இல் பதிவாயிற்று. இருந்தும் விசைத்தறியில் ஓடிய சேலை காஞ்சிக் கைத்தறி என்ற பெயரில் விலைபோகிறது. சட்டத்தின் உடல் இருக்கிறது. அதற்கு உயிர் கொடுக்கவேண்டியவர் வாங்குபவரும் ஊழியரும் அதிகாரிகளுமே.

ஆதலின் தேசத்தொண்டில் ஈடுபட்ட அன்பர்களுக்கு நாம் சொல்லுவது இது. பாரதப் பிரசங்கங்களை நிறுத்தவேண்டாம், தத்துவார்த்தத்தையும் விடவேண்டாம். பிரசங்கம் நடக்கும் தெருவில் எத்தனை தறி ஓடுகிறது, எத்தனை நின்றது, எந்தப் பிள்ளை பள்ளிக்கூடம் போகவில்லை, யாருக்குக் கண்ணாடி வேண்டும் என்ற கணக்கைப் பிரசங்கம் முடிந்த மறுநாளே எடுங்கள். கூட்டுறவுச் சங்கத்தின் பொதுக்கூட்டத்துக்குப் போய்க் கூலியைப் பற்றிக் கேளுங்கள். வீட்டுக் கல்யாணத்துக்குப் பட்டெடுக்கும்போது, இது கையால் நெய்ததா, நெய்தவனுக்கு என்ன கிடைத்தது என்று இரண்டு கேள்வி கேளுங்கள். இவை சிறு காரியங்களாகத் தோன்றலாம். உப்பள்ளுவதும் ஒருகாலத்தில் சிறு காரியமாகவே பலருக்குத் தோன்றிற்று.

உடல் க்ஷேத்திரமென்றால் எல்லா உடலும் க்ஷேத்திரமே. பிரசங்கியாருடைய உடல் மட்டும் தர்மக்ஷேத்திரமாய், குழித்தறியில் இருப்பவனுடைய உடல் வெறுந் தசையும் எலும்புமாய் இருக்கவொண்ணாது. காயாரோகணத்து ஈசன் பிறர் காயத்தைத் தன் தோளில் ஏற்றுக்கொண்டான். அவன் வாழும் தெருவில் பிறருடைய காயத்தில் கொஞ்சமேனும் நாம் தாங்கினாலன்றி, நம் பாரதம் படித்த பாரதமாகாது.